பெயருக்குப் பொருள் சொல்பவரிடம் பணம் கட்டும் முன் இதைப் படித்துவிடுங்கள்

எங்கள் பெண் பிறந்தது மிருகசீரிடம், நான்காம் பாதம். 'கி'யில் பெயர் வைக்கச் சொன்னார் ஜோசியர். எனக்கும் மனைவிக்கும் நல்ல தமிழ்ப் பெயராக இருக்க வேண்டும் என்று ஆசை. கடலூரில், திருப்பாப்புலியூர் (திருப்பாதிரிப்புலியூர்) பக்கம் பெயர் ஆராய்ந்து தரும் இடம் ஒன்று இருப்பதாக வாட்ஸ்அப் ஸ்டேட்டஸில் பார்த்துப் போனோம். கட்டணம் 2,500 ரூபாய்.

'கியாரா' என்று எழுதி, தங்க நிற அட்டை ஒன்றைக் கொடுத்தார்கள். "கி என்றால் ஒளி, ஆரா என்றால் தெவிட்டாதது. சங்க காலத் தூய தமிழ்ப் பெயர். ஆதாரம்: புறநானூறு 427" என்று அதில் அச்சடித்திருந்தது. பாட்டு எண்ணே போட்டிருக்கிறார்களே என்று மறுபேச்சில்லாமல் நம்பிவிட்டோம். "21 நாளுக்குள் பெயரைப் பதியாவிட்டால் சிக்கலாகிவிடும்" என்றும் அவசரப்படுத்தினார்கள். பதினெட்டாம் நாளே பிறப்புச் சான்றிதழில் பெயரை ஏற்றிவிட்டேன்.

பெயர் சூட்டு விழாவுக்கு வந்த மாமனார் ஓய்வு பெற்ற தமிழாசிரியர். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு அட்டையை இரண்டு முறை படித்தார். "மாப்பிள்ளை, புறநானூற்றில் இருப்பதே 400 பாட்டுதான். 427 எங்கிருந்து வந்தது?" என்றார். எனக்கு வாய் அடைத்துப்போனது. அப்புறம் 'கி'க்கு வந்தார். ஒரே எழுத்து தனியாக நின்று பொருள் தரும் சொல்லை ஓரெழுத்து ஒருமொழி என்பார்கள், நன்னூல் சொல்வது 42. அதில் குறில் இரண்டே இரண்டு, 'நொ', 'து'. க வரிசையில் கா, கூ, கை, கோ நான்குதான், எல்லாமே நெடில். 'கி' தனியாக நின்று பொருள் தராது. 'ஆரா' மட்டும் உண்மை, ஆராவமுதன் என்கிறோமே, அந்த ஆராதான். ஒரு நிஜத்தோடு இரண்டு பொய்யைச் சேர்த்துத் தைத்திருக்கிறார்கள்.

புதுச்சேரியில் பிரெஞ்சு சொல்லித்தரும் என் தோழி பெயரைக் கேட்டதுமே, "இது எங்கள் கிளேர் ஆச்சே!" என்றாள். இத்தாலியில் கியாரா, பிரெஞ்சில் கிளேர், இரண்டுக்கும் தாய் லத்தீன் 'கிளாரா'. தெளிவு, ஒளி என்று பொருள். அயர்லாந்தில் இதன் சாயலில் கீரா என்று ஒரு பெயர் உண்டு, அதன் பொருளோ கருமை. இத்தாலியப் பெயர் வைப்பதில் எனக்கு ஒரு குறையும் இல்லை. அதைச் சங்கத் தமிழ் என்று சொல்லிக் காசு வாங்கியதுதான் வயிறு எரிகிறது.

21 நாள் கெடுவும் பாதிப் பொய். பிறப்பைத்தான் 21 நாளுக்குள் தெரிவிக்க வேண்டும். குழந்தையின் பெயரைச் சேர்க்க 12 மாதம் வரை கட்டணமே கிடையாது. இது தெரிந்திருந்தால் நிதானமாக விசாரித்திருப்பேன். சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ் லெக்சிகன் இணையத்தில் இலவசமாகவே தேடக் கிடைக்கிறது. எந்தப் பெயரையும் யாராவது தமிழ் என்றால் முதலில் அதில் பாருங்கள். பாட்டு எண் சொன்னால் மாவட்ட மைய நூலகத்தில் அந்த நூலை எடுத்து அந்தப் பாட்டையே படித்துவிடுங்கள். மாமனார் சொல்வார், பாதிரி என்றதும் பாதிரியாரை நினைக்கிறவர்கள் உண்டு, நம் திருப்பாதிரிப்புலியூருக்குப் பெயர் தந்ததோ பாடலீஸ்வரர் கோயில் தலவிருட்சமான பாதிரி மரம் என்று. ஒலியை வைத்து ஊகிப்பது அவ்வளவு சுலபமாக ஏமாற்றிவிடும்.

பணத்தைத் திருப்பிக் கேட்டேன். "நம்பிக்கை இருக்கிறவர்களுக்குத்தான் பலிக்கும்" என்று அனுப்பிவிட்டார்கள். சான்றிதழில் ஏறிய பெயரை மாற்ற அலைந்துகொண்டிருக்கிறேன். வீட்டில் அவளுக்குப் பெயர் கிள்ளை. கிளிக்குப் பழைய தமிழ்ச்சொல், மாமனார் தேடிக் கொடுத்தது, அதுவும் 'கி'யில்தான்.

அன்று அட்டையோடு குழந்தையைப் படம் எடுத்தார்கள். அதைத்தான் இப்போது விளம்பரத்தில் போட்டிருக்கிறார்கள். நீக்கச் சொல்லி இரண்டு முறை கேட்டுவிட்டேன், இன்னும் நீக்கவில்லை. தங்க அட்டையும் பச்சைத் துணியில் சுற்றிய குழந்தையுமாக ஒரு படம் உங்கள் போனுக்கு வந்தால், அது என் மகள். அதை நம்பிப் பணம் கட்டாதீர்கள்.