காரணி இணைகளுக்கென ஒரு பயிற்சி ஏடு: கணக்குகள் நன்று, விடைப்பகுதியில் கவனம் தேவை

ஐந்தாம், ஆறாம் வகுப்புப் பிள்ளைகளுக்காக ஒரு சிறு பதிப்பகம் வெளியிட்டுள்ள இந்த 64 பக்கப் பயிற்சி ஏடு, காரணி இணைகளைக் கொண்டு (அதாவது, பெருக்கினால் ஓர் எண்ணைத் தரும் இரண்டிரண்டு முழு எண்களைக் கொண்டு) வாக்கியக் கணக்குகளைத் தீர்ப்பது என்ற ஒரே பொருளோடு நின்றுகொள்கிறது. காரணிகளை இரண்டு பக்கங்களில் முடித்துவிட்டு மீப்பெரு பொதுக் காரணி, மீச்சிறு பொது மடங்கு என்று ஓடிவிடும் ஏடுகளையே பார்த்துச் சலித்தவர்களுக்கு இந்த நிதானம் பிடிக்கும். விலை 90 ரூபாய்.

தொடக்கப் பக்கங்களில், ஓர் எண்ணின் இணைகளை ஒன்றுகூட விடுபடாமல் எழுதும் முறை வருகிறது. 48 என்றால் 1×48, 2×24, 3×16, 4×12, 6×8 என்று சிறிய காரணியை ஏறுவரிசையில் வைத்துக்கொண்டே போக வேண்டும். 7 வகுக்காது, அடுத்து வரும் 8 முன்பே இணையாக வந்துவிட்டது என்பதால் அங்கே நிறுத்திவிடலாம். எங்கே நிறுத்துவது என்பதைச் சொல்வதோடு, ஏன் நிறுத்தலாம் என்பதையும் விளக்கியிருப்பதால், 48 வரை ஒவ்வோர் எண்ணாக வகுத்துப் பார்க்கும் வீண் உழைப்பு பிள்ளைக்கு மிச்சமாகிறது.

ஏட்டின் உயிர் அடுத்த பகுதியில் இருக்கிறது. அக்கா, தம்பி இருவரின் வயதுகளைப் பெருக்கினால் 96, கூட்டினால் 20 என்று ஒரு கணக்கு. எண்களை மனம்போன போக்கில் போட்டுப் பார்க்காமல், 96இன் இணைகளை முதலில் எழுதி, பக்கத்தில் கூட்டுத்தொகைக்கு ஒரு கட்டத்தையும் சேர்க்கச் சொல்கிறார்கள். 1, 96 என்ற இணைக்கு 97. பிறகு வரிசையாக 50, 35, 28, 22. கடைசியில் 8, 12 என்ற இணைக்கு 20. விடை கிடைப்பதைவிட, காரணிகள் ஒன்றையொன்று நெருங்க நெருங்கக் கூட்டுத்தொகை குறைந்துகொண்டே வருவதைப் பிள்ளை தானாகவே கண்டுகொள்வதுதான் இங்கே பெரிய லாபம். அதே கட்டத்தைச் சில பக்கங்கள் கழித்து, 36 சதுர மீட்டர் செவ்வகத் தோட்டத்துக்கு மிகக் குறைந்த வேலி எவ்வளவு என்ற கணக்கிலும் பயன்படுத்துகிறார்கள். பக்கங்கள் முழு மீட்டரில் அமைய வேண்டும் என்ற நிபந்தனையோடு, 1×36 எனும் ஒல்லியான தோட்டத்துக்கு 74 மீட்டர் வேலியும், 6×6 சதுரத்துக்கு 24 மீட்டரும் ஆகும் என்று கணக்கிட்டுப் பார்த்த பிள்ளைக்குப் பரப்பளவும் சுற்றளவும் இனிக் குழம்பாது.

மீதி வரும் கணக்குகளையும் விடவில்லை. 50 லட்டுகளைப் பெட்டிக்குச் சம எண்ணிக்கையாக அடுக்கியபோது 2 எஞ்சின. ஒரு பெட்டியில் 10க்கு மேலும் 20க்குள்ளும் இருந்தன எனில் எத்தனை இருந்திருக்கலாம்? எஞ்சியதைக் கழித்து 48இன் இணைகளைத் தேடினால் 12, 16 என இரு விடைகள் கிடைக்கின்றன. ஒரே கேள்விக்கு இரண்டு விடைகளும் சரியாக இருக்கலாம் என்பதை நம் தேர்வுத்தாள்கள் எளிதில் ஒப்புக்கொள்வதில்லை. இந்த ஏடு துணிந்து ஒப்புக்கொண்டிருக்கிறது.

ஆனால் அந்தத் துணிவு விடைப்பகுதியில் தளர்ந்துவிடுகிறது. 40 நாற்காலிகளை மேடையை நோக்கிச் சம வரிசைகளாகப் போட வேண்டும், வரிசைகளும் வரிசைக்கான நாற்காலிகளும் நான்குக்குக் குறையக் கூடாது, எத்தனை வழிகள் என்ற கணக்குக்கு 4×10, 5×8 என இரண்டே வழிகள் என்று அச்சிட்டிருக்கிறார்கள். நான்கு வரிசையில் பத்துப் பத்தாகப் போடுவதும், பத்து வரிசையில் நான்கு நான்காகப் போடுவதும் ஒன்றாகுமா? சரியான விடை நான்கு வழிகள். தோட்டத்தின் நீள அகலத்தை மாற்றி எழுதினால் வடிவம் மாறாது, நாற்காலிகளில் அமைப்பே மாறிவிடும் என்ற வேறுபாட்டை ஏட்டில் எங்குமே விளக்காதது பெருங்குறை. நான்கு என்று சரியாக எழுதிய பிள்ளை, விடைப்பகுதியைப் பார்த்துத் தன் விடையை அடித்துவிடக்கூடும்.

பகா எண் எதுவும் கணக்குகளில் வராததும் குறைதான். 37 மாணவர்களைச் சம குழுக்களாகப் பிரிக்கச் சொல்லி, ஒரே குழுவாகவோ ஆளுக்கொரு குழுவாகவோ தவிர வழியில்லை என்று பிள்ளையே சொல்லும்படி ஒரு கணக்காவது வைத்திருக்கலாம். (விளையாட்டு ஆசிரியர்கள் அப்போது ஒருவரை நடுவராக்கி 36 ஆக்கிக்கொள்வார்கள், அதுவும் நல்ல கணக்குதான்.)

தாளும் அச்சும் தெளிவாக உள்ளன, செய்முறைக்கான இடம்தான் போதவில்லை. தனிக் குறிப்பேடு வைத்துக்கொள்ள வேண்டும். வாய்ப்பாடும் மீதியோடு வகுத்தலும் கைவந்த பிள்ளைக்கு இதைத் தயங்காமல் வாங்கலாம். கொடுப்பதற்கு முன் விடைப்பக்கங்களைக் கிழித்துப் பெரியவர்கள் தம்மிடம் வைத்துக்கொண்டு, நாற்காலிக் கணக்கு போன்றவற்றின் விடைகளைத் தாமே ஒருமுறை போட்டுச் சரிபார்த்துவிடுவது நல்லது.