டிவி பார்ட்டியா, லெட்ஸ் பெயிண்ட்டா?

அமெரிக்க கேபிளில் பொதுமக்களுக்கென்று ஒதுக்கிய சேனல்களில் சாமானியர்களும் நிகழ்ச்சி நடத்தலாம். அங்கே பிறந்த கிறுக்குத்தனமான பேச்சு நிகழ்ச்சிகளில் எதை முதலில் பார்ப்பது?

1978 முதல் 1982 வரை நியூயார்க்கில் கிளென் ஓ'பிரையன் நடத்திய 'டிவி பார்ட்டி'யில் கூட்டம்தான் கவர்ச்சி. பிளாண்டி இசைக்குழுவின் கிறிஸ் ஸ்டெய்ன் கூடவே இருப்பார். அக்குழுவின் பாடகி டெபி ஹாரி வந்துபோவார். ஓவியர் பாஸ்கியா மனம்போன போக்கில் திரையில் எழுத்துகளைத் தட்டிவிடுவார். ஒலி கரகரக்கும், கேமரா அலைபாயும். நேரலையில் போன் செய்பவர்கள் கண்டபடி திட்டுவார்கள். ஓ'பிரையன் அலட்டிக்கொள்ள மாட்டார். என்ன, சில நேரம் இவர்கள் தங்களுக்குள்ளேயே சிரித்துக்கொள்கிறார்களோ என்று அலுப்புத் தட்டும்.

2000களில் லாஸ் ஏஞ்சல்ஸில் ஜான் கில்டஃப் நடத்திய 'லெட்ஸ் பெயிண்ட் டிவி' வேறு ரகம். பிரபலங்களை நம்பிய கடையல்ல அது. பெயிண்ட் அப்பிய கோட்டு சூட்டோடு டிரெட்மில்லில் ஓடிக்கொண்டே படம் வரைவார், மிக்ஸியில் ஜூஸ் அடிப்பார், அப்புறம் மூச்சு வாங்க வாங்கப் போனில் வசவும் வாங்கிக்கொள்வார்.

பழைய நியூயார்க்கைப் பார்க்க ஆசையென்றால் முன்னது சரி. என் ஓட்டு கில்டஃபுக்குத்தான்: எவ்வளவு கேலி செய்தாலும் மனிதர் ஓட்டத்தை நிறுத்துவதில்லை.