மாயாவியின் கையையும் மறைத்த டேப்லெட்: 3 வருட அனுபவம்

டேப்லெட்டில் சார்ஜர் செருகும் துளையைப் புதிதாக மாற்றி 1,400 ரூபாய் கொடுத்துவிட்டு வந்த அன்றைக்கே நண்பர் கேட்கிறார், "விலை குறைஞ்சிருக்கே, காமிக்ஸ் படிக்க நானும் ஒண்ணு வாங்கவா?" என்று. நல்ல நேரம் பார்த்தார்.

கம்பெனி பெயர் வேண்டாம். 10 அங்குலத் திரை, எடை குறைவு, பேட்டரி இன்னமும் ராத்திரி முழுக்க நிற்கிறது. எல்லாம் சரி. ஆனால் பக்கத்தில் கறுப்பு அதிகமாக வந்தால் திரை தானாக மங்கிவிடும். ஆட்டோ பிரைட்னஸ், பேட்டரி சேமிப்பு, கண் பாதுகாப்பு என்று கண்ணில் பட்ட எல்லாவற்றையும் அணைத்துப் பார்த்தாயிற்று, ஒன்றும் நடக்கவில்லை. படத்தைப் பார்த்துப் பின்வெளிச்சத்தைக் குறைக்கிற ஏற்பாடு டிஸ்ப்ளேயிலேயே இருக்கிறதாம். "சார், அது ஃபீச்சர்" என்றார் சர்வீஸ் சென்டர் தம்பி, முகத்தில் ஒரு சலனமும் இல்லாமல்.

நான் படிப்பதோ இரும்புக்கை மாயாவி. 1972-இல் முத்து காமிக்ஸ் முதல் இதழிலேயே வந்தாரே, அவரேதான். அவருடைய ஆங்கில மூலத்தின் உரிமை இப்போது பிரிட்டனின் ரெபெல்லியன் நிறுவனத்திடம் இருக்கிறது. 2021-இல் தொகுப்பாகவே கொண்டுவந்தார்கள், அவர்கள் தளத்தில் காசு கட்டினால் நகலெடுப்பதைத் தடுக்கும் பூட்டு எதுவும் இல்லாத கோப்பாகவே இறக்கிக்கொள்ளலாம். ஹெசூஸ் பிளாஸ்கோ மையைக் கொட்டி வரைந்த இரவுக் காட்சிகள்! மின்சாரம் பாய்ந்தால் மாயாவியின் உடம்பு மறைந்து இரும்புக்கை மட்டும் தெரிய வேண்டும். என் டேப்லெட்டில் கையும் தெரியாது.

அமெரிக்கக் காமிக்ஸ் என்றால் டிஜிட்டல் காமிக் மியூசியம் என்ற இணையதளம். 1963 வரை வெளியாகி, 28-ஆம் வருடம் உரிமையைப் புதுப்பிக்காமல் விட்டவை அமெரிக்கச் சட்டப்படி பொதுச்சொத்து. அதனால்தான் ஃபாக்ஸ் என்ற காமிக்ஸ் கம்பெனியின் பழைய சூப்பர்ஹீரோ புளூ பீட்டில் இலவசமாகக் கிடைக்கிறார். வண்ணப் பக்கங்கள் என்பதால் மங்கல் தொல்லை கொஞ்சம் குறைவு.

டேப்லெட் வாங்கிய பிறகு எதிர்பாராமல் ஒட்டிக்கொண்ட பழக்கம் நம் அரசின் தமிழ் இணைய மின்னூலகம். தமிழ் இணையக் கல்விக்கழகம் நடத்துவது. மாயாவியைத் தேடி அங்கே போகாதீர்கள், அது அதற்கான இடம் இல்லை. நாட்டுடைமை நூல்கள், பழைய இதழ்கள் என்று ஒன்றைத் தேடிப் போனால் இன்னொன்றில் மாட்டிக்கொண்டு மணி பன்னிரண்டு ஆகிவிடும். பழுத்துப்போன தாள், ஓரத்தில் எந்தக் காலத்து நூலக முத்திரையோ, ஆனாலும் திரை பளிச்சென்று நிற்கிறது! அரசு பரிவுத்தொகை கொடுத்து எழுத்தாளர்களின் நூல்களைப் பொதுவாக்குகிறதே, சித்திரக்கதை வரைந்தவர்களுக்கும் இதையே செய்தால் என்ன என்று ஒவ்வொரு தடவையும் தோன்றும்.

மங்கலுக்கு மருந்து கிடைத்தது போன வருடம்தான். காமிக்ஸ் இறக்கும்போது வரும் சிபிஇசட் (cbz) கோப்பு என்பது வேறொன்றும் இல்லை, படங்களைச் சேர்த்துக் கட்டிய வெறும் ஜிப் (zip). பெயரின் கடைசி மூன்றெழுத்தை zip என்று மாற்றிப் பிரித்தால் பக்கங்கள் தனித்தனிப் படமாக வந்து விழும். ஒவ்வொன்றுக்கும் நாலு புறமும் அகலமாக வெள்ளை ஓரம் வைத்துத் திரும்பக் கட்டினேன். வெள்ளை நிறைய இருப்பதால் டேப்லெட் ஏமாந்துபோய் மங்குவதில்லை. முதன்முதலாக அந்தக் கை பளபளவென்று தெரிந்தபோது வீட்டில் எல்லாரையும் கூப்பிட்டுக் காட்டினேன், யாரும் அசரவில்லை. பூட்டுப் போட்டு விற்கும் செயலிகளில் இந்த வேலை எல்லாம் நடக்காது. ஆனால் யோசித்துப் பாருங்கள், 10 அங்குலத்துக்குக் காசு கொடுத்துவிட்டு 8 அங்குலத்தில் படித்துக்கொண்டிருக்கிறேன்.

நண்பரிடம் சொன்னது இதுதான்: நாலு நட்சத்திரம் தாராளமாகக் கொடுக்கலாம், வாங்காதீர்கள். அப்படியானால் என்னுடையதை ஒரு வாரம் இரவல் தர முடியுமா என்றார். முடியாது என்றேன்.