அன்நோன் சாப்ளின் டிவிடி: அப்பாவுக்காக வாங்கியது

நாகர்கோவில் ஒழுகினசேரி, கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணன் பிறந்த இடம். எங்கள் வீடும் அந்தப் பக்கம்தான். சிரிப்புப் படம் என்றால் அப்பாவுக்குச் சாப்பாடுகூட மறந்துபோகும். அவருக்காகத்தான் இதை வாங்கினேன்.

மௌனப் படங்களைத் தேடிக் காப்பாற்றுவதற்கே தன் வாழ்நாளைக் கொடுத்த திரைப்பட வரலாற்றாசிரியர் கெவின் பிரவுன்லோ, டேவிட் கில்லுடன் சேர்ந்து 1983இல் செய்த மூன்று பகுதித் தொடர் இது. சாப்ளின் வேண்டாமென்று ஒதுக்கிய சுருள்களை வரிசைப்படுத்தி, அவர் எப்படி வேலை செய்தார் என்று காட்டுகிறார்கள்.

முதல் பகுதிதான் உச்சம். 1917இல் வந்த சாப்ளினின் ‘தி இமிக்ரன்ட்’, அமெரிக்காவில் குடியேறப் போகிறவர்களின் கப்பல் கதையாகத் தொடங்கவே இல்லை. ஓட்டல் காட்சிதான் முதலில் எடுத்திருக்கிறார். சர்வராக ஹென்றி பெர்க்மன் நடிக்கிறார், எடுபடவில்லை. அப்புறம் அதே இடத்தில் மலை மாதிரி எரிக் கேம்ப்பெல் வந்து நிற்கிறார். பில்லுக்குக் காசில்லாத சார்லியின் பயம் நமக்கும் தொற்றிக்கொள்கிறது. ஒவ்வொரு முறை எடுக்கும்போதும் கேமரா முன்னால் காட்டுகிற சிலேட்டில் எண் ஏற ஏற, கதை நம் கண் முன்னாலேயே உருவாகிறது. அப்பா இந்த இடத்தைத் திரும்பத் திரும்பப் போடச் சொன்னார்.

தமிழ் சப்டைட்டில் இல்லாதது பெரிய குறை. ஜேம்ஸ் மேசனின் ஆங்கில வர்ணனையை நிறுத்தி நிறுத்தித்தான் அப்பாவுக்குச் சொன்னேன். நடிப்பு, குறும்படம் என்று அலைகிற பிள்ளைகள் வீட்டில் இருந்தால் யோசிக்காமல் வாங்கிக் கொடுங்கள்.