வாரத்துக்கு எவ்வளவு? நான்கு நாட்டு மது வரம்புகளும் நான் பிடித்துக்கொண்ட ஒன்றும்

குடிக்கவே குடிக்காதவர்களுக்கு இந்த அலசல் தேவையில்லை. ஆல்கஹாலில் பாதுகாப்பான அளவு என்று ஒன்றில்லை என உலக சுகாதார நிறுவனம் 2023-இல் சொல்லிவிட்டது. எப்போதாவது குடிப்பவர் தனக்கென்று ஓர் எல்லை வைத்துக்கொள்ள நினைத்தால் யார் பேச்சைக் கேட்பது? பிரிட்டன், அமெரிக்கா, கனடா, ஆஸ்திரேலியா நான்கையும் பார்த்துவிட்டு ஆஸ்திரேலியக் கணக்கைத்தான் நான் பிடித்துக்கொண்டேன்.

வெறும் எண்ணை வைத்து ஒப்பிட்டால் ஏமாந்துபோவோம். பிரிட்டன் 2016-இல் ஆண், பெண் இருவருக்குமே வாரம் 14 யூனிட் என்றது. ஆஸ்திரேலியா 2020-இல் 10 ஸ்டாண்டர்ட் டிரிங்க் என்றது. ஆனால் பிரிட்டன் யூனிட்டில் இருப்பது 8 கிராம் ஆல்கஹால், ஆஸ்திரேலிய டிரிங்கில் 10 கிராம். பெருக்கிப் பாருங்கள்: 112, 100. பெரிய வித்தியாசம் இல்லை.

அமெரிக்காவின் 2020–2025 வழிகாட்டுதலில் ஆணுக்கு ஒரு நாளைக்கு 2 டிரிங்க், பெண்ணுக்கு 1 என்று இருந்தது. அங்கே ஒரு டிரிங்க் 14 கிராம். அதில் வார வரம்பே இல்லாததால், ஓர் ஆண் தினமும் எல்லைவரை போனால் வாரத்துக்கு 196 கிராம் ஆகியிருக்கும். இதை நான் உடனே ஒதுக்கிவிட்டேன்.

கர்ப்பமாக இருப்பவர்கள் தொடாமலிருப்பதே நல்லது என்பதில் நான்கும் ஒரே குரல்.

என்னை ஆஸ்திரேலியா பக்கம் இழுத்தது எண்ணும் வசதி. எண்ண முடியாத வரம்பு இருந்தும் பயனில்லை. மில்லிலிட்டரைச் சதவீதத்தால் பெருக்கினால் சுத்த ஆல்கஹாலின் அளவு வரும், அதை 0.79-ஆல் பெருக்கினால் கிராம். 12 சதவீத ஒயின் 750 மில்லி பாட்டிலில் ஏறக்குறைய 71 கிராம். பத்தால் வகுக்க மனக்கணக்கே போதும்: 7 டிரிங்க். வாரக் கணக்கில் முக்கால்வாசி அந்த ஒரு பாட்டிலிலேயே போய்விடுகிறது! பெரிய கிளாஸில் 250 மில்லி ஊற்றினால் அது 'ஒரு கிளாஸ்' அல்ல, இரண்டுக்கும் மேல். ஆஸ்திரேலியாவில் பாட்டில் லேபிளிலேயே எத்தனை டிரிங்க் என்று அச்சிட வேண்டும் என்பது சட்டம். அங்கே இல்லாதவர்களும் பத்தால் வகுத்துக்கொள்ளலாம்.

இன்னொன்று, எந்த ஒரு நாளிலும் 4-ஐத் தாண்டக்கூடாது என்று ஆஸ்திரேலியா தனியாகச் சொல்கிறது. வாரம் முழுக்கச் சேர்த்துவைத்து சனிக்கிழமை தீர்ப்பவர்களுக்கு இதில் இடமில்லை. பிரிட்டன், 14 யூனிட் வரை குடிப்பவர் 3 நாளிலோ அதற்கு மேலோ பரப்பிக்கொள்ளட்டும் என்கிறது. நாளுக்கு இவ்வளவுதான் என்று எண் வைக்கவில்லை.

கனடாவில் 2023-இல் வந்த வழிகாட்டுதல் மிகக் கறார்: வாரம் 1–2 டிரிங்க் குறைந்த ஆபத்து, 3–6 மிதமானது, 7-லிருந்து ஏறிக்கொண்டே போகும். 2011-இல் ஆணுக்கு 15 வரை விட்ட நாடு இது. ஆனால் அளவுகோலைக் கவனிக்க வேண்டும். அவர்கள் 'குறைந்த ஆபத்து' என்பது ஆயிரத்தில் ஒருவர் மதுவால் இறக்கும் நிலையை. ஆஸ்திரேலியா ஏற்றுக்கொண்டது நூற்றில் ஒருவருக்கும் குறைவு என்பதை. கனடாவின் நூற்றில் ஒன்று 6 டிரிங்கில் வருகிறது, அதாவது சுமார் 81 கிராம். அப்படிப் பார்த்தால் இரு நாடுகளும் அவ்வளவு தூரத்தில் இல்லை. கனடா எல்லையை நான் கடைப்பிடித்துப் பார்த்ததில்லை, நடைமுறையில் அது எப்படி இருக்கும் என்று சொல்ல எனக்குத் தகுதியில்லை. குடும்பத்தில் மார்பகப் புற்றுநோயோ கல்லீரல் நோயோ இருப்பவர்கள் என் தேர்வை விட்டுவிட்டு மருத்துவரிடம் கேட்பதே சரி.