தாக்குதல் காயத்தின் பின்விளைவு: டி, எஸ், இசட் - எது எங்கே?

சென்னை, கோவை, திருச்சி என்று நம் ஊர்களில் உட்கார்ந்து அமெரிக்க மருத்துவக் குறிப்புகளை (சார்ட்) நோய்க் குறியீடுகளாக (கோட்) மாற்றும் கோடர்கள் தடுமாறும் இடம் ஒன்று உண்டு. அடிதடியில் பட்ட காயம் எப்போதோ ஆறிவிட்டது, அதன் விளைவு மட்டும் உடம்பில் தங்கிவிட்டது. நோயாளி இப்போது வந்திருப்பது அந்த விளைவுக்காக. காய கோடின் கடைசியில் வரும் ஏழாவது கேரக்டர் டி-யா (D, ஆறிக்கொண்டிருக்கும் காயத்தின் தொடர் கவனிப்பு), எஸ்ஸா (S, பின்விளைவு)? இல்லை, ‘முன்பு அடிபட்டவர்’ என்று சொல்லும் ஒரு இசட் கோட் போதுமா? மூன்றுக்கும் ஆதரவாகப் பேச ஆள் இருக்கிறார்கள். என் பார்வையில், பின்விளைவு இருக்கும் வரை எஸ்தான். ஆனால் அதற்குச் சில விலக்குகள் உண்டு, தப்பு நடப்பது பெரும்பாலும் அங்கேதான்.

ஒரு சார்ட்டை எடுத்துக்கொள்வோம். சண்டையில் குத்து வாங்கி மூக்கெலும்பு உடைந்தவர், இரண்டு வருடம் கழித்து ஒரு பக்கம் மூச்சு விட முடியவில்லை என்று வருகிறார். பழைய முறிவால் மூக்குத்தண்டு வளைந்திருக்கிறது என்று டாக்டர் எழுதியிருக்கிறார். முதலில் வர வேண்டியது இப்போதைய பிரச்சினை, அதாவது மூக்குத்தண்டு வளைவுக்கான ஜே34.2. இரண்டாவது, அதற்குக் காரணமான மூக்கெலும்பு முறிவு, எஸ்02.2, ஏழாவது கேரக்டர் எஸ். மூன்றாவது, ஆயுதமில்லாத கைகலப்புக்கான ஒய்04.0, அதற்கும் ஏழாவது கேரக்டர் எஸ். எஸ் என்ற எழுத்து காயத்தின் கோடிலும் காரணத்தின் கோடிலும்தான் ஏறும், ஜே34.2-இல் ஏறாது. இந்த வரிசையை மாற்றி, எஸ் போட்ட காய கோடை முதலில் வைப்பதுதான் புதியவர்கள் அதிகம் செய்யும் பிழை.

இதே சார்ட்டில் டி போட்டால் என்ன ஆகும்? எலும்பு இன்னும் கூடிக்கொண்டிருக்கிறது, வழக்கமான கவனிப்புக்கு வந்திருக்கிறார் என்று பொருளாகிவிடும். அதே ஆள் அடிபட்ட மூன்றாம் வாரம் ஃபாலோ-அப்புக்கு வந்தபோது டி சரி. அன்று எஸ் போட்டிருந்தால் தப்பு, ஏனென்றால் அன்று பின்விளைவு என்று எதுவும் இல்லை. ‘ஆறு மாதம் தாண்டினால் எஸ்’ என்று மனதில் கணக்கு வைத்திருப்பவர்கள் அதை விட்டுவிடுவது நல்லது. அமெரிக்காவின் நோய்க் குறியீட்டு முறையான ஐசிடி-10-சிஎம்மின் கைட்லைன் சீக்வெலாவுக்கு, அதாவது பின்விளைவுக்கு, கால வரம்பே வைக்கவில்லை. தீக்காயத் தழும்பு சில மாதங்களிலேயே பின்விளைவாகலாம். ஒரு வருடம் கழிந்தும் கூடிக்கொண்டிருக்கும் முறிவுக்கு எஸ் வராது. காலண்டரைப் பார்க்காமல், இன்று எதற்கு வைத்தியம் நடக்கிறது என்று பார்க்க வேண்டும்.

இப்போது விலக்குக்கு வருவோம். தலையில் விழும் அடியைத் தடுக்கக் கையைத் தூக்கும்போது முன்கையின் அல்னா எலும்பு உடைவது தாக்குதல் கேஸ்களில் அடிக்கடி வரும் முறிவு. அது கோணலாகக் கூடிவிட்டால், ‘பழைய காயத்தின் விளைவுதானே’ என்று எஸ் போடத் தோன்றும். போடக்கூடாது. மூடிய முறிவு (தோல் கிழியாதது) கோணலாகக் கூடியிருந்தால் பி (P), கூடாமலே இருந்தால் கே (K). முறிவுகளுக்கு இதற்கென்றே எழுத்துகள் ஒதுக்கியிருக்கிறார்கள்.

ஏழாவது கேரக்டராக வரும் ஏ (A) பற்றியும் ஒரு வார்த்தை. ஏ என்றால் முதல் விசிட் மட்டும் என்று நினைக்க வேண்டாம். காயத்துக்கான நேரடி சிகிச்சை நடக்கும் வரை, டாக்டர் மாறினாலும் ஏதான். வீட்டுக்குள் அடி வாங்கியவர் பயத்தில் வாரக்கணக்கில் மறைத்துவிட்டு, பிறகு முறிவோடு வந்தாலும் ஏதான். தாமதமாக வந்தார் என்பதற்காக அந்தக் காயம் பழைய காயமாகிவிடாது. இதை டி என்று போட்டால், அவருக்கு ஏற்கெனவே எங்கோ வைத்தியம் நடந்துவிட்டது என்று பதிவாகும். நடக்காத வைத்தியத்தை நடந்ததாகக் காட்டும் சார்ட் அவருக்குச் செய்யும் அநியாயம்.

இசட்87.828 ஆறிய காயத்தின் வரலாற்றைச் சொல்லும் கோட். எதுவும் மிச்சமில்லை என்றால் அது பொருத்தம். கத்திக்குத்தால் விரல் மடங்கவில்லை என்று வந்தவருக்கு அதைப் போட்டு முடிப்பது, அவர் எதற்கு வந்தாரோ அதையே சார்ட்டிலிருந்து அழிப்பது மாதிரி. வயதுவந்தவருக்கு நடந்த குடும்ப வன்முறை என்றால் இசட்91.410 என்று தனியாக ஒரு வரலாற்று கோட் உண்டு. வன்முறை உறுதியாகி, அதன் விளைவுக்கே வைத்தியம் நடக்கிறது என்றால் டி74 (T74) தொகுதியைப் பார்க்க வேண்டும், அதிலும் ஏழாவது கேரக்டர் எஸ் இருக்கிறது. வெறும் சந்தேகம் என்றால் டி76 (T76). அப்போது தாக்குதல் கோடும் அடித்தவர் யார் என்று சொல்லும் ஒய்07-உம் சேர்க்கக்கூடாது.

உலக சுகாதார நிறுவனத்தின் மூல ஐசிடி-10-ஐப் படித்துவிட்டு வருகிறவர்களுக்கு இன்னொரு குழப்பம். அதில் தாக்குதலின் பின்விளைவுக்கு ஒய்87.1 என்று நேரடியாக ஒரு கோட் இருக்கிறது. சம்பவத்துக்கு ஒரு வருடமோ அதற்கு மேலோ கழித்து வரும் விளைவுகளும் அதில் அடங்கும். அமெரிக்காவின் ஐசிடி-10-சிஎம்மில் (சுருக்கமாக சிஎம்) ஒய்85 முதல் ஒய்89 வரை கிடையாது, தேடினாலும் கிடைக்காது. அமெரிக்காவிலேயே இரண்டும் ஓடுகின்றன. ஆஸ்பத்திரி சார்ட்டுக்கு 2015 அக்டோபர் 1 முதல் சிஎம், இறப்புக் காரணத்துக்கு 1999 முதல் மூல ஐசிடி-10. அப்போதைய அமெரிக்க அதிபர் ரீகனின் பத்திரிகைச் செயலர் ஜேம்ஸ் பிரேடி 1981 மார்ச் 30 அன்று தலையில் சுடப்பட்டார். 33 வருடம் ஊனத்தோடு வாழ்ந்து 2014 ஆகஸ்டில் இறந்தபோது, அதைக் கொலை என்றே மருத்துவப் பரிசோதகர் பதிந்தார். இந்த மாதிரி மரணங்களுக்கும் ஒய்87.1 பொருந்தும். பின்விளைவைத் தனி கோடாகப் பார்க்கும் வசதி அதில் உண்டு. ஆனால் துப்பாக்கியா, கத்தியா, கைகலப்பா என்பது அதில் தெரியாது. சிஎம்மின் எஸ் அதைத் தக்கவைக்கிறது. அந்த வகையில் சிஎம் முறைதான் மேல் என்பேன்.

அந்த மேன்மையை நாமே இழக்கும் இடம் ஒய்09. எப்படித் தாக்கப்பட்டார் என்று குறிப்பில்லாதபோது போடும் கோட் அது. அதற்கு ஏழாவது கேரக்டரே இல்லை. அதைப் போட்டால், தாக்குதல் நேற்று நடந்ததா, பத்து வருடம் முன்பு நடந்ததா என்பது அந்த கோடில் தெரியாது. பழைய குறிப்புகளில் ‘கத்தி’ என்று ஒரு சொல் இருந்தாலும் கத்தித் தாக்குதலைச் சொல்லும் எக்ஸ்99.1-க்குப் போய்விடலாம். தேடிப் பார்க்காமல் ஒய்09-இல் நின்றுவிடுவது எனக்கு ஏற்புடையதல்ல.

அதைவிட மோசம் காரணத்தையே விட்டுவிடுவது. வெளிக்காரண கோட் நாடு முழுக்கக் கட்டாயமில்லை, மாநிலமோ, பணம் கொடுக்கும் காப்பீட்டு நிறுவனமோ (பேயர்) கேட்டால்தான் கட்டாயம். அதனால் பல இடங்களில் ‘நேரம் மிச்சம்’ என்று தாண்டிவிடுகிறார்கள். போடுகிறவர்களுக்கும் ஒரு பள்ளம் இருக்கிறது. நோக்கம் எழுதப்படாத காயத்தை விபத்து என்றே எடுக்கச் சொல்கிறது கைட்லைன். ‘தீர்மானிக்க முடியவில்லை’ என்ற கோட், டாக்டரே அப்படி எழுதியிருந்தால் மட்டும். ஆக, ‘கத்தி வெட்டின் தழும்பு’ என்று மட்டும் எழுதிய சார்ட்டில் ஒரு தாக்குதல் சமையலறை விபத்தாக மாறிவிடும். இங்கே ஊகித்துத் தாக்குதல் கோட் போடவும் முடியாது. டாக்டருக்கு விளக்கம் கேட்டு ஒரு குவெரி அனுப்ப வேண்டும். ‘இது தாக்குதலா?’ என்று பதிலைக் கையில் கொடுக்காமல், காயம் எப்படி ஏற்பட்டது, இப்போதைய பிரச்சினை அந்தக் காயத்தால் வந்ததா என்ற இரண்டையும் திறந்த கேள்வியாகக் கேட்க வேண்டும்.