ஆஜராகாததால் போன செக் கேஸ்: ஹைகோர்ட்டா, செஷன்ஸா?

நான்கு வருடம் நடந்த செக் கேஸ் (பணமில்லாமல் திரும்பிய செக் மீதான வழக்கு), ஒரு வாய்தாவுக்குப் போகாததில் முடிந்துபோகும். கையில் கிடைப்பது மூன்று வரி உத்தரவு: ‘புகார்தாரர் அழைக்கப்பட்டார், ஆஜரில்லை. மனு ஏதும் இல்லை. எதிரி விடுதலை.’ செக்கில் இருக்கும் கையெழுத்தைப் பற்றி அதில் ஒரு வார்த்தை இருக்காது. ஆனாலும் சட்டப்படி அது எதிரிக்கு, அதாவது செக் கொடுத்தவருக்கு, முழு விடுதலைதான். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 256-ம் பிரிவு, 2024 ஜூலை 1 முதல் அதற்குப் பதிலாக வந்த புதுச் சட்டமான பி.என்.எஸ்.எஸ்.-ல் 279. அதே செக்கை வைத்துப் புதுப் புகார் கொடுக்க வழியில்லை.

“சார், அதே மாஜிஸ்ட்ரேட்கிட்டயே ஒரு மனு போட்டுக் கேஸைத் திரும்ப எடுக்க முடியாதா?” கட்சிக்காரர் கேட்கும் முதல் கேள்வி இதுதான். சிவில் வழக்கில் முடியும், இங்கே முடியாது. தள்ளுபடி செய்த புகாரைத் திரும்பக் கோப்பில் எடுக்க மாஜிஸ்ட்ரேட்டுக்கு அதிகாரமில்லை என்று 1986-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ரிவிஷனும் (கீழ்க்கோர்ட் உத்தரவை மேல்கோர்ட் சரிபார்க்கும் மனு) வேண்டாம். அப்பீல் செய்யும் உரிமை உள்ளவர் அதை விட்டுவிட்டு ரிவிஷன் கேட்க முடியாது. இந்த இரண்டிலும் அலைந்து அப்பீல் கெடுவைத் தொலைத்தவர்கள் ஏராளம்.

மிச்சம் இரண்டு கதவு.

பழைய கதவு ஹைகோர்ட். பழைய சட்டத்தில் பிரிவு 378(4), இப்போது பி.என்.எஸ்.எஸ். 419(4). 60 நாளுக்குள் சிறப்பு அனுமதி மனு போட வேண்டும். அனுமதி கிடைத்தால்தான் அப்பீலே. கிருஷ்ணகிரிக்காரர் சென்னைக்கும் நாகர்கோவில்காரர் மதுரைக் கிளைக்கும் போய், அங்கே தனி வக்கீல் வைத்து, முதலில் ‘என் அப்பீலைக் கேளுங்கள்’ என்று கேட்க வேண்டும்.

புதிய கதவு மாவட்டத்திலேயே இருக்கும் செஷன்ஸ் கோர்ட். பாதிக்கப்பட்டவர் அப்பீல் செய்யலாம் என்று பழைய சட்டத்தின் 372-ம் பிரிவோடு சேர்த்த வரம்புரை (பி.என்.எஸ்.எஸ். 413) 2009 முதலே உண்டு. செக் கேஸ் புகார்தாரர் ‘பாதிக்கப்பட்டவர்’ ஆவாரா என்பதில்தான் தகராறு. சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து போன செலஸ்டியம் ஃபைனான்ஷியல் வழக்கில், ஆவார், அனுமதியும் கேட்க வேண்டாம் என்று 2025-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. அது சாட்சியங்களை அலசித் தந்த விடுதலை பற்றியது. ஆஜராகாததால் வரும் உத்தரவும் விடுதலையே என்பதால் இதற்கும் பொருந்தும் என்பது என் வாதம். தாக்கல் செய்யும் அன்று புதுத் தீர்ப்பு ஏதும் வந்திருக்கிறதா என்று மட்டும் பார்த்துக்கொள்ளுங்கள்.

என் ஓட்டு செஷன்ஸுக்கு. செலவு குறைவு என்பது சின்னக் காரணம். அங்கே தோற்றாலும் ஹைகோர்ட் மிச்சமிருக்கிறது என்பதுதான் பெரிய காரணம். ஹைகோர்ட்டில் அனுமதி மறுத்துவிட்டால் அடுத்து டெல்லி உச்ச நீதிமன்றம்தான். ஆனால் அந்த மேல்படி எதிரிக்கும் இருக்கிறது. செஷன்ஸில் நீங்கள் ஜெயித்தால் அவர் ஹைகோர்ட் போய்த் தடை வாங்கப் பார்ப்பார். இழுத்தடிக்கிற எதிரி என்றால் நேரே ஹைகோர்ட் போவதிலும் நியாயம் இருக்கிறது. இன்னொன்று, 372-ல் கெடு எழுதப்படவில்லை. அதற்காக மெத்தனம் கூடாது. உத்தரவு வந்த 30 நாளுக்குள் போட்டுவிடுவது நல்லது.

எந்தக் கதவானாலும் உள்ளே எடுபடுவது ஒன்றுதான்: ‘அன்று ஒருநாள்தான் வரவில்லை.’ 2002-ல் ஒரு செக் வழக்கில், ஒரே ஒரு முறை வராததற்காகப் புகாரைத் தள்ளியது மிகக் கடுமையானது என்று உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது. புகார்தாரர் வந்தே தீர வேண்டிய கட்டமா அது என்று பார்க்காமல் விடுதலை செய்வது தவறு என்று அசோசியேட்டட் சிமென்ட் வழக்கில் வந்த உச்ச நீதிமன்றத் தீர்ப்பும் சொல்கிறது. புதுச் சட்டத்தின்படி நடந்த கேஸ் என்றால் கூடுதல் பிடி ஒன்று உண்டு. 279-ன்படி 30 நாள் அவகாசம் தந்த பிறகே விடுதலை செய்யலாம். தந்தார்களா என்று பாருங்கள்.

ஆகவே உத்தரவு நகலோடு நிற்காமல், முதல் நாளிலிருந்து எழுதிய வாய்தாக் குறிப்பு முழுவதற்கும் நகல் மனு போடுங்கள். நூல் வியாபாரி ஒருவருக்காக நான் அப்படி வாங்கி எண்ணினேன். 31 வாய்தா, 28-க்கு வந்திருக்கிறார். எதிரி வந்தது ஒன்பதுக்கு. வராததற்குக் காட்டிய ஆஸ்பத்திரிச் சீட்டை நீதிபதி புரட்டக்கூட இல்லை, அந்தக் கணக்கைத்தான் திரும்பத் திரும்பப் பார்த்தார்.